ஆளில்லாத ஊருக்கு ஓர் ஆயர்

ஜனவரி 12

அன்புள்ள தம்பிக்கு அண்ணன் எழுதுவது.

முதலில் கையெழுத்துக்கு மன்னித்துக்கொள். வரிகள் மேலே ஏறுகின்றன, திடீரென்று கீழே இறங்குகின்றன. ஆயுசு முழுக்க ஆஸ்பத்திரியில் லிஃப்ட் ஓட்டின கை வேறெப்படி எழுதும் என்று என் மகள் கேட்கிறாள். இந்தக் கடிதத்தை நேற்று ஆரம்பித்தேன். இன்றும் எழுதுகிறேன். ஆனால் யாரும் கையைப் பிடிக்கவில்லை. ஒவ்வோர் எழுத்தும் நான் போட்டது.

நீ நலமா? முழங்கால் வலி எப்படி இருக்கிறது? இங்கே நான், மகள், மாப்பிள்ளை மூன்று பேரும் சுகம். மகளுக்குத் தையல் வேலை தலைக்கு மேல் இருக்கிறது. மாப்பிள்ளை அதே பேருந்தைத்தான் ஓட்டுகிறார். இரண்டு பேருக்கும் வயதாகிறது, பேருந்துக்கும்தான்.

கோவில் கூடத்தில் பெரியவர்களுக்கு மாலை வகுப்பு வைத்திருக்கிறார்கள். நடத்துவது ஓய்வு பெற்ற ஒரு நர்ஸ் அம்மா. முன்பு என் லிஃப்டில் ஏறி இறங்கினவர்தான். "எத்தனை வருஷம் என்னை மேலே கொண்டுபோனீங்க. இப்ப என் முறை" என்று சொல்லிச் சேர்த்துக்கொண்டார். இப்போது நான் கடைப் பலகை எல்லாம் படிக்கிறேன். தெருவில் இவ்வளவு பேச்சு இருப்பது இத்தனை நாளாக எனக்குத் தெரியவில்லை.

இன்னொன்று. நீ குருவானதிலிருந்து உன்னை நீங்கள் என்றுதான் கூப்பிட்டு வந்தேன். எழுதும்போது அது பெரிய வேலையாக இருக்கிறது. அதை எழுதி முடிப்பதற்குள் சொல்ல வந்தது மறந்துபோகிறது. நீ என்றால் ஒரே எழுத்து. மரியாதைக் குறைவாக எடுத்துக்கொள்ளாதே. கை வலிக்கிறது, அவ்வளவுதான்.

ஒரு சந்தேகம். உன்னை ஆயராக்கினபோது கொடுத்த அட்டையைக் கண்ணாடி போட்டு மாட்டியிருக்கிறோம். அதற்குக் கீழேதான் தினமும் படுக்கிறேன். போன வாரம்தான் அதை எழுத்துக் கூட்டிப் படித்தேன். உன் பெயர் வந்தது. சந்தோஷப்பட்டேன். அடுத்து, ஏதோ ஓர் ஊரின் ஆயர் என்று இருக்கிறது. அது நீ இருக்கும் ஊர் இல்லையே. மகளும் இத்தனை நாள் கவனிக்கவில்லையாம். அச்சடித்தவன் தப்புப் பண்ணிவிட்டானா? இல்லை, எங்களுக்குச் சொல்லாமல் உனக்கு இன்னோர் ஊர் இருக்கிறதா?

பதில் போடு. பெரிய எழுத்தாகப் போடு.

உன் அண்ணன்

ஜனவரி 27

என் அன்பு அண்ணனுக்கு,

உங்கள் கடிதம் வந்தபோது நான் கட்டடக் கமிட்டிக் கூட்டத்தில் இருந்தேன். கழிவறைக் குழாயைப் பற்றிப் பேச்சு போய்க்கொண்டிருந்தது. உறையைப் பார்த்ததும் யாருடைய கை என்று தெரியவில்லை. பிரித்துப் படித்தேன். பிறகு கூட்டத்தில் என்ன முடிவு செய்தார்கள் என்று எனக்கு நினைவில்லை. குழாய் சரியாகிவிட்டது என்றுதான் நினைக்கிறேன்.

உடம்பு பரவாயில்லை. முழங்கால் பலிபீடத்தின் படிகளைப் பார்த்தால் மட்டும் முறைக்கிறது.

நீ என்று நீங்கள் எழுதியதை மாற்ற வேண்டாம். என்னை அப்படிக் கூப்பிட இப்போது வேறு யாரும் இல்லை.

அச்சில் தப்பில்லை. நான் துணை ஆயர். இந்த ஊருக்கு ஆயர் ஒருவர் இருக்கிறார். அவருக்கு உதவி செய்வது என் வேலை. ஆனால் ஆயர் என்றால் அவருக்கென்று ஒரு மறைமாவட்டம் இருக்க வேண்டும் என்பது திருச்சபையின் பழைய வழக்கம். அதனால் என்னைப் போன்றவர்களுக்கு, ஒரு காலத்தில் ஆயர் இருந்து, பிறகு அழிந்துபோன ஊர் ஒன்றைக் கொடுப்பார்கள். என்னுடையது ஒரு பாலைவனத்தின் ஓரத்தில் இருக்கிறது. துறைமுகமாக இருந்ததாம். கடல் பின்வாங்கிவிட்டது, ஜனங்களும் போய்விட்டார்கள். இப்போது அங்கே மணலும் சில தூண்களும் இருக்கின்றன. ஆளில்லாத ஊருக்கு உங்கள் தம்பி ஆயர். புகார் சொல்ல அங்கே யாருமில்லை.

ஜூன் மாதம் எனக்கு எழுபத்தைந்து முடிகிறது. அந்த வயதில் நாங்கள் திருத்தந்தைக்கு ராஜினாமா எழுதிக் கொடுக்க வேண்டும். காலம் எப்படி ஓடிவிட்டது பாருங்கள்.

மகளுக்கும் மாப்பிள்ளைக்கும் என் ஆசீர். அடிக்கடி எழுதுங்கள்.

உங்கள் தம்பி

பிப்ரவரி 15

அன்புள்ள தம்பிக்கு,

உன் கடிதம் கண்டு ஆனந்தம். நீ சுகமாக இருப்பது அறிந்து நிம்மதி. இங்கே எனக்கு லேசாக இருமல். மகள் வெந்நீரும் கையுமாகத் திரிகிறாள்.

உன் ஊரைப் பற்றி வகுப்பில் சொன்னேன். அன்று பாடமே நடக்கவில்லை. என்னோடு படிக்கும் முடிதிருத்துகிறவர் கேட்டார், "ஆளே இல்லாத ஊருக்கு ஆயர் எதுக்கு?" நர்ஸ் அம்மா சொன்னார், "ஆஸ்பத்திரியில ஆளில்லாத வார்டுக்கும் ஒரு நர்ஸ் போடுவாங்க. திடீர்னு யாராவது வந்தா?" எனக்கு அது சரியாகப் பட்டது. அன்றிலிருந்து ஜெபத்தில் உன் ஊர் ஜனங்களையும் சேர்த்துக்கொள்கிறேன். இப்போது இல்லாவிட்டால் என்ன, எப்போதோ இருந்தவர்கள்தானே. மீன் விற்றிருப்பார்கள். படகுக்குக் கீல் பூசியிருப்பார்கள். கோவிலுக்கு நேரம் கழித்து வந்து பின்னால் நின்றிருப்பார்கள். மத்தியானம் படுத்தால் அந்தத் தெருக்கள் எனக்குத் தெரிகின்றன. எல்லாத் தெருவும் லேசாகச் சரிந்து தண்ணீர்ப் பக்கம் போகின்றன. சுவர் எல்லாம் பழைய ரொட்டி நிறம். யாரும் பேசவில்லை, ஆனாலும் அமைதியாக இல்லை.

இருக்கட்டும். முக்கியமான விஷயத்துக்கு வருகிறேன். இதைச் சொல்லத்தான் எழுதப் படித்தேன் என்றுகூட வைத்துக்கொள்.

ராஜினாமா கொடுத்தபின் நீ எங்கே இருப்பாய்? இங்கே வா. முன்னறை காலியாக இருக்கிறது. உன் அண்ணி இறந்தபின் நான் உள்ளேதான் படுக்கிறேன். ஜன்னல் கிழக்குப் பக்கம். குருமடத்துக்குப் போகும்போது உனக்குப் பதினொரு வயது. பெட்டியை நான்தான் ரயில் வரை தூக்கி வந்தேன். அதற்குப் பிறகு நாம் ஒரே வீட்டில் இருந்ததில்லை. நான் இனிமேல் ரொம்ப நாள் இருப்பேன் என்று சொல்ல முடியாது. ஒரு கூரைக்குக் கீழே கொஞ்ச காலம் இருந்துவிட்டுப் போகலாமே.

யோசித்து எழுது. யோசிக்காமலே வருகிறேன் என்று எழுதினாலும் சரி.

உன் அண்ணன்

மார்ச் 8

என் அன்பு அண்ணனுக்கு,

இருமல் விட்டதா? ஆவி பிடியுங்கள். எனக்கு இந்த மாதம் அலைச்சல் அதிகம். ஆயருக்கு உடம்பு சரியில்லை. அவருடைய வேலையும் என் தலையில்.

போன வாரம் பங்கு பங்காகப் போய்ப் பிள்ளைகளுக்கு உறுதிபூசுதல் கொடுத்தேன். ஒவ்வொரு நெற்றியிலும் கட்டைவிரலால் எண்ணெய் பூச வேண்டும். பெரும்பாலான பிள்ளைகள் ஊசி போடப்போகிறார்கள் என்பதுபோலக் கண்ணை இறுக்கி மூடிக்கொள்கிறார்கள். ஒரு பெண் குழந்தை மட்டும் என்னையே பார்த்துக்கொண்டிருந்து, "உங்க தொப்பி விழப்போகுது" என்றது. உண்மைதான், சாய்ந்திருந்தது. அந்தத் தொப்பியை நான் என் கையால் வைத்துக்கொண்டதே இல்லை. யாராவது வைப்பார்கள், யாராவது எடுப்பார்கள். ஆயரான நாளிலிருந்து எனக்குக் கதவுகூடத் தானாகத்தான் திறக்கிறது.

என் ஊரைப் பற்றி நீங்கள் எழுதியதைப் பலமுறை படித்தேன். தெருக்கள் தண்ணீர்ப் பக்கம் சரிந்து போகும் என்பது எப்படித் தெரிந்தது? பழைய வரைபடம் ஒன்றில் நானும் அப்படித்தான் பார்த்திருக்கிறேன். நீளமான சடங்குகளில், மற்றவர்கள் உரையாற்றும்போது, நான் அங்கே போய்விடுவேன். முகத்தில் பக்தி தெரிகிறது என்று சொல்வார்கள்.

வகுப்பை விடாதீர்கள். நர்ஸ் அம்மாவுக்கு என் வணக்கம்.

உங்கள் தம்பி

மார்ச் 22

அன்புள்ள தம்பிக்கு,

கடிதம் கிடைத்தது. இருமல் போய்விட்டது, நன்றாகச் சாப்பிடுகிறேன். உன் ஆயருக்குச் சீக்கிரம் குணமாகட்டும்.

உன் கடிதத்தை மூன்று தரம் படித்தேன். முன்னறையைப் பற்றி எழுதின பக்கம் உறைக்குள் ஒட்டிக்கொண்டிருக்குமோ என்று மகளை விட்டுப் பார்க்கச் சொன்னேன். அவள் உறையைக் கிழித்து விரித்தே காட்டினாள். "அப்பா, சித்தப்பா எழுதவே இல்லைப்பா" என்றாள். வேலைத் தொல்லையில் மறந்திருப்பாய். பரவாயில்லை.

நாங்கள் சும்மா இருக்கவில்லை. அறைக்கு வெள்ளை அடித்தாயிற்று. மகள் ஊதாக் கரை வைத்துத் திரைச்சீலை தைத்திருக்கிறாள், ஆயருக்குரிய நிறம் என்று. பங்குச் சாமியார் கோவிலிலிருந்து சிவப்பு மெத்தை போட்ட பெரிய நாற்காலியைக் கொடுத்து அனுப்பினார். அது வாசலுக்குள் நுழையவில்லை. மாப்பிள்ளை கதவைக் கழற்றி உள்ளே கொண்டுவந்தார். தரைக்கு விரிப்பு கிடைத்தது. எதிர் வீட்டு அம்மா தெரு முழுக்கச் சொல்லிவிட்டார். காலையில் ஆசீர் வாங்க வருகிறவர்கள் வரிசையாக நிற்க வேண்டும், அதைத் தானே பார்த்துக்கொள்வதாகச் சொல்கிறார். உனக்குத் தனி மேசை, தனித் தட்டு, நீ சாப்பிட்டபின்தான் நாங்கள். ஒரு குறையும் வராது.

நான் பெருமைப்பட்டு எழுதுகிறேன் என்று நினைக்காதே. பெருமைதான்.

பதிலை எதிர்பார்க்கிறேன்.

உன் அண்ணன்

ஏப்ரல் 30

அன்புள்ள தம்பிக்கு,

நலம்தானே? ஒரு மாதத்துக்கு மேல் ஆகிறது. தபால்காரர் என்னைக் கண்டால் இப்போது எதிர்ப்பக்கம் நடக்கிறார். உடம்புக்கு ஒன்றுமில்லை என்று ஒரு வரி போட்டால் போதும்.

நாற்காலி மேல் தூசி படியாமல் துணி போட்டு வைத்திருக்கிறோம்.

உன் அண்ணன்

மே 19

அன்புள்ள அண்ணனுக்கு,

தாமதத்துக்கு மன்னியுங்கள். சுகமாக இருக்கிறேன். நீங்களும் அப்படியே இருக்க வேண்டுகிறேன்.

நீங்கள் எல்லோரும் எடுத்துக்கொண்ட சிரமத்தை நினைத்து மனம் நெகிழ்கிறது. மகளின் கைவேலைக்கு நன்றி. ஆனால் இங்கே வயதான குருக்களுக்காக ஓர் இல்லம் இருக்கிறது. நல்ல கட்டடம், மருத்துவர் வந்து பார்க்கிறார். தோட்டத்தைப் பார்த்த மாதிரி ஓர் அறையை எனக்கென்று ஒதுக்கிவிட்டார்கள், சாவிகூடத் தந்துவிட்டார்கள். ராஜினாமாவுக்குப் பதில் வந்ததும் அங்கே போவதுதான் முறை என்று படுகிறது. பங்குச் சாமியாரின் நாற்காலியைத் திருப்பிக் கொடுத்துவிடுங்கள். என் நன்றியையும் சொல்லுங்கள்.

எல்லோருக்கும் என் ஆசீர்.

உங்கள் தம்பி

ஜூன் 11

அன்புள்ள தம்பிக்கு,

உன் பிறந்த நாளுக்கு இந்தக் கடிதம் வந்து சேரும். எழுபத்தைந்து வயது. பல்லாண்டு இரு. நாங்கள் சுகம்.

இல்லத்தைப் பற்றி எழுதியிருந்தாய். தோட்டம் இருப்பது நல்லது. மகள் திரைச்சீலையைக் கழற்றி மடித்து வைத்தாள். அன்று முழுக்க மிஷின் சத்தம் பலமாகக் கேட்டது.

நேற்று மத்தியானம் ஒரு கனவு. நான் என் பழைய லிஃப்டில் ஸ்டூலில் உட்கார்ந்திருக்கிறேன். உள்ளே யாருமில்லை. தரைத்தளம் வந்தது, நிற்கவில்லை. அதற்குக் கீழே பிணவறை, அங்கேயும் நிற்கவில்லை. இறங்கிக்கொண்டே இருந்தது. எனக்குப் பயமே இல்லை. காதடைத்தது, பிறகு கடல் சத்தம் கேட்டது. கதவு திறந்ததும் மணல் உள்ளே வழிந்தது. வெளியே உன் ஊர். விழுந்து கிடந்த ஒரு தூண்மேல் நீ உட்கார்ந்திருந்தாய். தொப்பி மடியில் இருந்தது, அதில் கிளிஞ்சல் பொறுக்கி வைத்திருந்தாய். சுற்றிலும் ஜனங்கள். ஒரு கிழவி மீனைச் சுத்தம் செய்கிறாள், ஒருவன் வலை உலர்த்துகிறான். யாரும் உன்னைத் திரும்பிப் பார்க்கவில்லை. நீ இருப்பது அவர்களுக்குத் தெரியும், ஆனால் எழுந்திருக்கவில்லை. ஒருத்தி உன்னைத் தாண்டிப் போகும்போது, "காலை நகர்த்துங்க" என்றாள். நீ நகர்த்தினாய். அப்படி ஒரு சிரிப்பு உன் முகத்தில். ஆயரான பின் உன்னை நான் அப்படிப் பார்த்ததில்லை.

நான் இறங்கலாமா என்று யோசிப்பதற்குள், மகள் டீ குடிக்க எழுப்பிவிட்டாள்.

கனவுதான். எழுதத் தோன்றியது, எழுதிவிட்டேன்.

உன் அண்ணன்

ஜூலை 3

என் அண்ணனுக்கு,

நான் நலம். நீங்கள் நலமா என்று கேட்டுவிட்டு, மற்றதைச் சொல்கிறேன். போன கடிதம் நான் எழுதியது போல இல்லை, அலுவலகம் எழுதியது போல இருந்தது. உங்களுக்கும் தெரிந்திருக்கும்.

அண்ணி இறந்தபோது வந்தேன். வாசலில் காரை நிறுத்தியதும் எல்லோரும் எழுந்தார்கள். அழுதுகொண்டிருந்தவர்கள் அழுகையை நிறுத்தினார்கள். என்னை அந்த வீட்டின் ஒரே நல்ல நாற்காலியில் உட்காரவைத்தார்கள். நீங்கள் கதவோரம் கைகட்டி நின்றீர்கள். மனைவியைப் பறிகொடுத்த மனிதர் நின்றுகொண்டிருக்கிறார், நான் உட்கார்ந்திருக்கிறேன். எழுந்து உங்கள் பக்கத்தில் வந்து நிற்க நினைத்தேன். நான் எழுந்தபோது, ஜெபம் தொடங்கப்போகிறேன் என்று நினைத்து எல்லோரும் தலைகுனிந்தார்கள். அதனால் ஜெபம் சொன்னேன். பிறகு தனி மேசையில் எனக்குச் சாப்பாடு வைத்தீர்கள். சுற்றி நின்று பார்த்தீர்கள். என்ன சாப்பிட்டேன் என்று தெரியாது. திரும்பும்போது காரில், டிரைவருக்குக் கேட்காமல், அழுதேன்.

அன்பினால் செய்கிறீர்கள். அதனால்தான் சொல்ல வாய் வரவில்லை. திரைச்சீலை, நாற்காலி, வரிசை எல்லாம் படித்தபோது, அந்த மேசை மறுபடியும் கண்முன் வந்தது. நான் வந்தால் அந்த வீடு ஆயர் இல்லமாகிவிடும். உங்களுக்கு உங்கள் வீடு போய்விடும். எனக்கு அண்ணனும் இருக்க மாட்டார். தூரத்தில் இருந்தால் கடிதத்திலாவது இருக்கிறீர்கள்.

இரண்டு ஆயர்களுக்குத் துணையாக இருந்தேன். முதல் ஆயர் போனபோது, அந்த இடம் எனக்குத்தான் என்று சொன்னார்கள். எனக்கும் கொஞ்சம் ஆசை இருந்தது. வேறொருவரை அனுப்பினார்கள். வருத்தம் ஆறிப்போய்விட்டது. ஆனால் என்னைக் காலை நகர்த்தச் சொல்ல யாராவது இருக்க வேண்டும் என்ற ஆசை இன்னும் ஆறவில்லை. உங்கள் கனவைப் படித்தபின்தான் எனக்கே அது தெரிந்தது.

ராஜினாமாவை அனுப்பிவிட்டேன்.

உங்கள் தம்பி

ஆகஸ்ட் 2

அன்புள்ள தம்பிக்கு,

சுகம். நீயும் சுகமாக இரு. உன் கடிதத்தை யாருக்கும் காட்டவில்லை. மகளுக்கு மட்டும் படித்துக் காட்டினேன். நான் ஒருவருக்குப் படித்துக் காட்டுவது அதுதான் முதல் தடவை. நடுவில் இரண்டு பேரும் கண்ணைத் துடைத்துக்கொண்டோம்.

மறுநாள் நாற்காலி போயிற்று. மறுபடியும் கதவைக் கழற்ற வேண்டியிருந்தது. "மூணாவது தடவை கழற்றச் சொன்னா, வாசலை இடிச்சிருவேன்" என்றார் மாப்பிள்ளை. விரிப்பையும் கொடுத்தாயிற்று. திரைச்சீலையின் ஊதாக் கரையை மகள் பிரித்தெடுத்து, வேறு எதற்கோ வைத்துக்கொண்டாள்.

எதிர் வீட்டு அம்மாதான் விடவில்லை. "தெரு முழுக்கச் சொல்லியாச்சு. இப்ப ஆயர் வரலைன்னா எனக்கு எவ்வளவு அவமானம்?" என்றார்.

"அவரு வரணும்னுதாம்மா இதெல்லாம். வந்தா நீங்க வரிசை போடக் கூடாது."

"சரி, வரிசை வேணாம். தினமும் ஒருத்தர் மட்டும்?"

"யாரும் வேணாம். ஆசீர் வேணும்னா கோவில்ல வாங்கிக்கோங்க. வீட்டுக்கு வந்தா, சர்க்கரை கேட்டு வாங்க."

அவர் இன்னும் கோபமாகத்தான் இருக்கிறார். ஆனால் மறுநாளே சர்க்கரை கேட்டு வந்தார், பழகிப் பார்க்கிறாராம்.

பெரிய கஷ்டம் என் உடம்பில்தான். குருவைக் கண்டால் என் முழங்கால் என்னைக் கேட்காமலே எழுந்துவிடும். அதனால் உட்காரப் பழகுகிறேன். ஞாயிற்றுக்கிழமை பங்குச் சாமியார் வீட்டுக்கு வந்தார். நான் நாற்காலியின் இரண்டு கையையும் பிடித்துக்கொண்டேன். மகள் பின்னாலிருந்து தோளை அமுக்கினாள்.

"என்ன பெரியவரே, உடம்பு சரியில்லையா?"

"நல்லா இருக்கேன் சாமி. பழகிட்டு இருக்கேன்."

"எதை?"

"உட்கார்றதை."

விஷயத்தைச் சொன்னேன். அவர் நல்ல மனிதர். வெளியே போய்ப் போய், நாலு தடவை உள்ளே நுழைந்து காட்டினார். முதல் தடவை பாதி எழுந்துவிட்டேன். கடைசித் தடவை, "இந்தப் பக்கம் காத்து வரலை, கொஞ்சம் தள்ளி நில்லுங்க சாமி" என்று சொல்லுமளவுக்கு வந்துவிட்டேன். மாப்பிள்ளைக்குச் சிரிப்பு தாங்கவில்லை. அவர் தினமும் எத்தனையோ பேரை உட்கார வைத்துத்தானே ஓட்டுகிறார், அவருக்கு இது சுலபம்.

உனக்குத் தனி மேசை இல்லை. நாலு பேருக்கும் ஒரே மேசை, அதில் ஒரு கால் ஆடும். அந்தப் பக்கம் உனக்கு. டீக் கோப்பையை நீயே கழுவ வேண்டும். மகள் கத்துவாள், கத்தும்போது யார் என்று பார்க்க மாட்டாள்.

வருவாயா?

உன் அண்ணன்

செப்டம்பர் 14

என் அண்ணனுக்கு,

எல்லோரும் சுகம்தானே? நாலு தடவை நுழைந்து காட்டிய பங்குச் சாமியாருக்கு முழங்கால் எப்படி இருக்கிறது என்று கேட்டதாகச் சொல்லுங்கள். உங்கள் கடிதத்தை ஆயருக்குப் படித்துக் காட்டினேன். சிரித்ததில் அவருக்கு இருமல் வந்துவிட்டது.

ராஜினாமாவை ஏற்றுக்கொண்டதாக உத்தரவு வந்துவிட்டது. அலுவலக அறை, கார், கமிட்டிகள் எல்லாவற்றையும் ஒப்படைத்தேன். என் மேசையின் இழுப்பறையைத் துடைக்கும்போது, இனி எனக்கென்று என்ன இருக்கிறது என்று யோசித்தேன். அந்த ஊர் இருக்கிறது, அண்ணா. அதைத் திருப்பிக் கேட்க மாட்டார்கள். சாகும்வரை நான் அதன் ஆயர்தான்.

வருகிறேன். ஆனால் இல்லத்து அறையின் சாவியைக் கையில் வைத்துக்கொண்டு வருகிறேன், கோபிக்க வேண்டாம். ஒரு மாதம் பார்ப்போம். உங்களால் முடியாமல் போகலாம், என்னாலும் முடியாமல் போகலாம். இத்தனை வருஷம் எழுந்து நின்றே பழகியவர்கள் நீங்கள், எழுந்து நிற்பவர்களைப் பார்த்தே பழகியவன் நான்.

வரும் சனிக்கிழமை மாலைப் பேருந்தில் வருகிறேன். அழைத்துப்போக யாரும் வர வேண்டாம்.

உங்கள் தம்பி

செப்டம்பர் 24

அன்புள்ள தம்பிக்கு,

நீ நலம் என்று எனக்குத் தெரியும், குறட்டை கேட்கிறது. மாப்பிள்ளை வேலைக்குப் போய்விட்டார், மகள் தைத்த துணியைக் கொடுக்கப் போயிருக்கிறாள். நான் சமையலறை மேசையில் இருந்து எழுதுகிறேன். நீ முன்னறையில் மத்தியானத் தூக்கம். இந்தக் கடிதத்துக்குத் தபால்தலை தேவையில்லை. கதவுக்குக் கீழே தள்ளிவிடுவேன்.

பேசினால் சொல்ல வராத ஒன்று இருக்கிறது. அதனால் எழுதுகிறேன்.

சனிக்கிழமை சாயங்காலம் நாங்கள் மூன்று பேரும் இந்த மேசையைச் சுற்றித் தயாராக உட்கார்ந்திருந்தோம். மாப்பிள்ளை படபடப்பில் ஒரே செய்தித்தாளைத் திருப்பித் திருப்பிப் பார்த்துக்கொண்டிருந்தார். நீ பெட்டியை நீயே தூக்கிக்கொண்டு வந்தாய். கதவை நீயே திறந்தாய், முதலில் தப்பான பக்கம் தள்ளினாய். யாரும் எழுந்திருக்கவில்லை. நான் மேசையின் விளிம்பைப் பிடித்திருந்தேன். என் முழங்கால் அடங்கிப்போய் இருந்தது. ஜெயித்துவிட்டோம் என்று நினைத்தேன்.

"வாங்க சித்தப்பா, டீ ஆறுது" என்றாள் மகள்.

நீ வரவில்லை. பெட்டியைக் கீழே வைத்துவிட்டு நின்றாய். நாற்காலி காலியாகத்தான் இருந்தது. அதைப் பார்த்தாய், பிறகு என்னைப் பார்த்தாய். முதலில் எனக்குப் புரியவில்லை. நாங்கள் செய்தது உனக்கு வருத்தமோ என்று பயந்தேன். மாப்பிள்ளை செய்தித்தாளைக் கீழே வைத்தார். மகள் என் காலை மிதித்தாள்.

பிறகுதான் புரிந்தது. அண்ணன் உட்காரச் சொல்லட்டும் என்று நீ நின்றுகொண்டிருந்தாய்.

இத்தனை காலம் உனக்கு முன்னால் நான் நின்றேன். உனக்கு எப்படி இருந்திருக்கும் என்று நான் யோசித்ததே இல்லை. சொல்ல வேண்டியது ஒரே வார்த்தை, அது வர அவ்வளவு நேரம் ஆகிவிட்டது. அதுவரை நீ அசையவில்லை. "உட்காருடா" என்றேன். உட்கார்ந்தாய்.

நேற்றுக் காலையில் நீ ஓர் உறையை மாப்பிள்ளையிடம் கொடுத்து, போகிற வழியில் தபாலில் போடச் சொன்னாய். உள்ளே கனமாக, கெட்டியாக ஏதோ இருந்ததாம். அவர் என்னிடம் காட்டிவிட்டுத்தான் போனார். உறைக்கு மேலே இல்லத்தின் முகவரி இருந்தது. அதை நான் தடுமாறாமல் படித்தேன்.

நீ ஒன்றும் சொல்லவில்லை. நானும் கேட்கப்போவதில்லை. அடுத்த வாரம் உனக்கு இன்னும் நிதானமாக எழுதுகிறேன்.

உன் அண்ணன்